மிஸ்டர் றீஸின் ஊரும் எங்கள் ஊர்க் கிணறுகளும்

1

போன மாதம் ஒரு நாள் மத்தியானம் நான் வேலை செய்யும் கந்தோருக்கு மகளின் பள்ளிக்கூடத்திலிருந்து தொலைபேசி வந்தது. இங்கே பள்ளிக்கூடம் தகப்பனைத் தேடினால் அது நல்ல செய்திக்காக இருக்காது. பனியில் வழுக்கி விழுந்துவிட்டாளோ, காய்ச்சலோ, கையை முறித்துக்கொண்டாளோ என்று, ரிசீவரைக் காதில் வைப்பதற்குள் எல்லாவற்றையும் நினைத்து முடித்துவிட்டேன்.

வகுப்பு ரீச்சர் மிகவும் தன்மையாகப் பேசினார். வதனி சுகமாக இருக்கிறாள். வதனி கெட்டிக்காரி. வதனி செய்து கொடுத்த புறொஜெக்டைப் போல வகுப்பில் வேறு ஒருவரும் செய்யவில்லை. இவ்வளவு புகழ்ச்சி முன்னால் வந்தால் பின்னால் வேறு ஏதோ வருகிறது என்று இந்த நாட்டுக்கு வந்த ஐந்து வருடத்தில் நான் படித்திருக்கிறேன். வேலை இல்லை என்று சொன்ன எல்லாக் கந்தோர்களும் அதற்கு முன் என்னை இப்படித்தான் புகழ்ந்தன.

"ஒரு சின்னக் குழப்பம்," என்றார் ரீச்சர். "புறொஜெக்டின் தலைப்பு 'என் குடும்பம் வந்த இடம்: அதன் சரித்திரமும் பூமிசாத்திரமும்'. எங்கள் பதிவில் நீங்கள் சிலோன் என்று இருக்கிறது. வதனி வேல்ஸ் நாட்டில் ஒரு குக்கிராமத்தைப் பற்றி எழுதியிருக்கிறாள். உங்கள் குடும்பத்தில் யாராவது வேல்ஸ்காரர் இருக்கிறார்களா?"

எனக்குத் தெரிந்து இல்லை என்றேன்.

அதோடு விடவில்லை. பள்ளிக்கூடத்தில் கொடுத்த ஒரு படிவத்தில் சிலோன் என்று இருக்கிறது, இன்னொன்றில் ஸ்ரீலங்கா என்று இருக்கிறது, வதனி எந்த நாட்டில் பிறந்தவள் என்றும் கேட்டார். ஒரே நாடுதான், நாங்கள் வந்த பிறகு பெயரை மாற்றிவிட்டார்கள் என்று விளங்கப்படுத்தினேன். அவர் மரியாதைக்கு "ஓ" என்றார். வருகிற வியாழக்கிழமை பெற்றோர் வரும் மாலை, எல்லாப் பிள்ளைகளின் வேலையும் சுவரில் இருக்கும், விருப்பம் என்றால் அதற்குள் வேறொன்று செய்து தரலாம் என்றார்.

"செய்து தருவாள்," என்றேன். பஸ்ஸில் வீட்டுக்குப் போகும் வழி முழுவதும் எனக்குக் கோபமாக இருந்தது. கோபத்துக்கு அடியில் வேறு ஒன்று இருந்தது. அதற்குப் பெயர் பொறாமை.

2

ஊரில் இருந்து இதை வாசிக்கும் உங்களுக்கு, எங்கள் அடுத்த வீட்டுக்காரர் மிஸ்டர் றீஸைப் பற்றி முதலில் சொல்லவேண்டும்.

நாங்கள் இருப்பது ஸ்காபரோவில், வெக்ஸ்போர்ட் என்ற பகுதியில். ஒரே அச்சில் வார்த்தது போன்ற சின்னச் சின்ன வீடுகள். மனைவி பரமேசும் நானும் வேலைக்குப் போகிறோம். அவள் ஆஸ்பத்திரி ஒன்றில் இரத்தம் சோதிக்கிறாள். நான் படவரைஞன். யாழ்ப்பாணத்தில் நில அளவைக் கந்தோரில் காணிகளைக் கீறினேன். இங்கே ஒரு கம்பனியில் நிலத்துக்கு அடியில் ஓடும் கழிவுநீர்க் குழாய்களைக் கீறுகிறேன். கனடாவில் நான் கீறிய எதையும் ஒருவரும் கண்ணால் காணப்போவதில்லை என்று பரமேஸ் பகிடி பண்ணுவாள்.

இந்த வீட்டுக்கு வந்த முதல் மாரியில், பனி கொட்டிய ஒரு நாள், வதனி வீட்டுத் திறப்பை மறந்துபோய்ப் பள்ளிக்கூடத்தால் வந்து வாசலில் நின்றிருக்கிறாள். அடுத்த வீட்டுக் கிழவர் கூட்டிக்கொண்டுபோய்ப் பாணைச் சுட்டு, வெண்ணெய் பூசி, பால் தேத்தண்ணீரும் கொடுத்து இருத்தியிருந்தார். மனைவியை இழந்தவர், ஒரே மகன் வன்கூவரில். அன்று தொடங்கியது. அதற்குப் பிறகு அவள் திறப்பைக் கொண்டுபோனாலும் எங்கள் வீட்டுக்கு வருவதில்லை. நாங்கள் வேலையால் வரும்வரை அவர் வீட்டில்தான்.

அவர் வேல்ஸ்காரர். வாலிபத்தில் கப்பலேறி வந்து, மேற்கே கோதுமை அறுத்து, பிறகு ரொறன்ரோவில் தச்சு வேலை பார்த்தவர். அவர் பேசுவது ஆங்கிலம்தான், ஆனால் ரீச்சரின் ஆங்கிலம் இல்லை. பள்ளிக்கூடத்தில் படித்துத்தான் அவருக்கும் ஆங்கிலம் வந்தது. அவர் தகப்பன் காலத்தில், வகுப்பில் சொந்தப் பாஷை பேசிய பிள்ளையின் கழுத்தில் ஒரு பலகைத் துண்டைக் கட்டித் தொங்கவிடுவார்களாம். எங்கள் மிஷன் பள்ளிக்கூடத்தில் தமிழ் பேசினால் குற்றக்காசு, பலகை இல்லை என்று நான் சொன்னேன். அன்றிலிருந்து அவர் பேச்சு என் காதில் எங்கள் ஊர்ப் பேச்சாகத்தான் விழுகிறது, ஆகவே அப்படியே எழுதுகிறேன்.

அவர் ஊரின் பெயரைத் தமிழில் எழுத வழியில்லை. அதில் வரும் ஒரு எழுத்துக்கு, 'ல்' சொல்ல நாக்கை வைத்துக்கொண்டு கன்னத்தின் இரண்டு பக்கத்தாலும் காற்றை ஊதவேண்டும். வதனிக்கு அது ஒரு பின்னேரத்தில் வந்துவிட்டது. அதே வதனி 'வாழைப்பழம்' என்று சொல்லக் கேட்டால் உங்களுக்கு அழுகை வரும்.

அந்த ஊர் மிகச் சின்னது. இரண்டு மலைகளுக்கு நடுவே ஒரு பள்ளத்தாக்கு. இரண்டு ஓடைகள் வந்து சேரும் இடத்தில் ஒரு கற்பாலம், ஒரு மாவு ஆலை, ஒரு கோயில், அதைச் சுற்றி ஒரு கை விரலிலும் மறு கை விரலிலும் எண்ணக்கூடிய வீடுகள். கோயில் என்றால் வெள்ளையடித்த சுவரும் இருக்க மரவாங்குகளும் மட்டும், சிலுவைகூட இல்லை. ஊர் முழுவதற்கும் மூன்றோ நான்கோ குடும்பப் பெயர்கள்தான். ஆகவே ஒருவரையும் பெயரால் சொல்வதில்லை, வீட்டால்தான் சொல்வார்கள். பாலத்தடி ஜோன், மேல்வளவு ஜோன், ஆலைவீட்டு ஜோன். எங்கள் காணிகளுக்குப் பெயர் இருப்பதைப்போல அங்கே ஒவ்வொரு வீட்டுக்கும் பெயர். கிழவர் தன் ஸ்காபரோ வீட்டுக் கதவிலும் பழைய வீட்டுப் பெயரைப் பலகையில் செதுக்கி அடித்திருக்கிறார். தபால்காரன் இன்னும் அதை விளம்பரம் என்றுதான் நினைத்துக்கொண்டிருக்கிறான்.

ஊரின் சரித்திரமும் விசேஷம். பொதுக் காணியில் ஒருவன் பொழுதுபட்ட பிறகு தொடங்கி, விடியும்போது புகைபோக்கியால் புகை வருகிற மாதிரி ஒரு வீட்டைக் கட்டி முடித்துவிட்டால் அது அவனுக்குச் சொந்தம் என்று அந்தப் பக்கத்தில் ஒரு வழக்கம் இருந்ததாம். பிறகு அவன் வாசலில் நின்று நான்கு பக்கமும் கோடரியை எறிவான். கோடரி விழுந்த இடம்தான் எல்லை. றீஸின் பாட்டனுக்குப் பாட்டன் அப்படித்தான் ஊரைத் தொடக்கினார். ஒரு பக்கம் பள்ளமாக இருந்தபடியால் கோடரி உருண்டுகொண்டே போய், அந்தப் பக்கத்துக் காணி மட்டும் நீளமாம். நான் இதைக் கேட்டுச் சிரித்தேன். இப்படி ஒரு வழக்கம் எங்களிடம் இருந்திருந்தால், வேலிக் கதியால் தடிகளை இரவோடு இரவாக நகர்த்துகிற கஷ்டம் இல்லாமல் யாழ்ப்பாணத்தான் முழுப்பேரும் கோடரி எறியப் பழகியிருப்பான்.

ஒரு கோடையில், வேலிக்கு அந்தப் பக்கம் அவரும் இந்தப் பக்கம் நானும் நின்று கதைத்துக்கொண்டிருந்தபோது, இப்போது அந்த ஊரில் யார் இருக்கிறார்கள் என்று கேட்டேன்.

"ஒருத்தரும் இல்லை," என்றார். "இங்கிலாந்தில ஒரு பட்டினத்துக்குத் தண்ணி வேணுமெண்டு கீழ அணை கட்டினவங்கள். ஊர் முழுக்க இப்ப ஏரிக்குள்ள."

அவர் சொன்னதை நான் முழுதாக மனதில் வாங்கவில்லை. வாய் முந்திக்கொண்டது.

"நல்ல தண்ணியோ?" என்று கேட்டேன்.

உங்களுக்கு இது விளங்கும். நான் தீவான், உப்புக் கடலுக்கு நடுவே பிறந்தவன். எங்கள் ஊரில் எந்தக் கிணற்றைப் பற்றிப் பேசினாலும் அதுதான் முதற் கேள்வி: நல்ல தண்ணியோ, உவரோ? அம்மாவும் அக்காமாரும் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு நல்ல தண்ணீர்க் கிணற்றுக்கு நடந்த நடையில்தான் நான் வளர்ந்தேன். எங்கள் பக்கத்துக்குப் பெண் கொடுக்க வெளியூரார் யோசிப்பார்கள், பிள்ளை தண்ணீர் அள்ளியே தேய்ந்துபோவாள் என்று. பரமேஸ் கோப்பாய்ச் செம்மண்காரி, நல்ல தண்ணீரில் வளர்ந்தவள். கல்யாணம் முடித்து வந்த முதல் நாள் எங்கள் வீட்டுத் தேத்தண்ணீரைக் குடித்துவிட்டு, இதற்குள் உப்பை யார் போட்டது என்று கேட்டவள்.

மிஸ்டர் றீஸ் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். பிறகு, "ஓம். நல்ல தண்ணி. தேத்தண்ணிக்குத் திறம்," என்றார். தொப்பியைச் சரிசெய்துகொண்டு உள்ளே போய்விட்டார்.

3

"என்ன வேலை செய்து வைச்சிருக்கிறாய்?" என்று வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்ற முன்னமே வதனியைக் கேட்டேன்.

அவளுக்குப் பத்து வயது. ஐந்து வயதில் இங்கே வந்தபோது நல்ல யாழ்ப்பாணத் தமிழோடு வந்தவள். இப்போது தமிழைத் துவாய் மாதிரித்தான் பாவிக்கிறாள், தேவைக்கு எடுத்துத் துடைத்துவிட்டுப் போட்டுவிடுவாள்.

"ரீச்சர் போன் பண்ணினவவோ?"

"பண்ணினா. எங்கட குடும்பம் வேல்ஸில இருந்து வந்ததெண்டு உனக்கு ஆர் சொன்னது?"

"நான் அப்பிடி எழுதேல்லையே அப்பா. நான் ஊரைப் பற்றித்தான் எழுதினனான்."

"ஆற்ற ஊர்? உன்ர ஊரா அது?"

அவள் யோசித்தாள். பயப்படவில்லை, யோசித்தாள். அதுதான் எனக்கு இன்னும் கோபத்தைக் கூட்டியது.

"உங்கட ஊர் அங்கதானே இருக்கு," என்றாள். "பிளேன் எடுத்துப் போய்ப் பாக்கலாம். அப்பம்மா இருக்கிறா, சித்தப்பா இருக்கிறார். மிஸ்டர் றீஸின்ர ஊர் இஸ் கோன், அப்பா. ஒருத்தரும் எழுதாட்டி அது எங்க இருக்கும்?"

பதில் வராத தகப்பன்மார் செய்வதைச் செய்தேன். வியாழக்கிழமைக்கு முன்னம் எங்கள் ஊரைப் பற்றி எழுதிக் கொடுக்கவேண்டும், இது என் கட்டளை என்றேன். அவள் கண் கலங்கியது.

"அவர் வாறதெண்டு சொல்லிட்டார். சூட்டைக் கிளீன் பண்ணக் குடுத்திட்டார்," என்று சொல்லிவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள்.

பரமேஸ் அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். "இஞ்சருங்கோ, அந்த மனுசனிட்ட ஆர் போய்ச் சொல்லுறது? நான் போகமாட்டன்."

"நான் சொல்லுறன்," என்றேன். "அதில என்ன கிடக்கு?"

4

சனிக்கிழமை காலையில் வாசற் பனியை அள்ளி ஒதுக்கிவிட்டு, அதே சவளோடு அவர் வாசலையும் அள்ளினேன். சொல்லப்போகும் செய்திக்கு முன்னால் ஏதாவது நல்லது செய்துவைப்போம் என்ற எண்ணம்தான். வானொலியில் குளிரைப் புது அளவில் சொன்னார்கள். இந்த நாடு அடியையும் மைலையும் விட்டு மீற்றருக்குப் போகிறது. கந்தோரில் நான் கீறுகிற குழாய்களும் பாதி அடியிலும் பாதி மீற்றரிலும் ஓடுகின்றன. எல்லா அளவும் மாறினாலும் கை விறைப்பது மாறவில்லை.

கதவைத் திறந்த மிஸ்டர் றீஸ், "நல்ல நேரத்தில வந்தீர். உம்மைத்தான் தேடினனான்," என்றார்.

சூட் சுத்தம் செய்யப்பட்டு, கதவில் கொளுவியிருந்தது. பக்கத்தில் ஒரு கழுத்துப்பட்டி. மேசையில் வதனி கீறிய படம். ரீச்சரிடம் இருந்து அவள் திருப்பி வாங்கி வந்திருக்கிறாள். அதை இவரிடம் கொண்டுவந்து ஏன் கொடுத்தாள் என்று எனக்கு விளங்கவில்லை. நான் சொல்லவேண்டியதைச் சொல்ல வாயெடுத்தேன்.

"முதல் இதைப் பாரும். பிள்ளை கவலைப்படுறாள். ஆறு சரியா வருதில்லை எண்டு சொல்லுறாள். நீர்தானே படம் கீறுகிற ஆள்."

படவரைஞனுக்கு முன்னால் பிழையான படத்தை வைத்தால் அவன் வேறு எதையும் பேசமாட்டான். குனிந்து பார்த்தேன். பிள்ளையின் கைவேலை, ஆனால் திறமான கைவேலை. ஒவ்வொரு வீட்டையும் பெயரோடு கீறி, பாலத்தையும் ஆலையையும் கோயிலையும் போட்டு, நீளமான அந்தக் கோடரிக் காணியைக்கூடச் சரியாக நீட்டியிருந்தாள். ஆனால் புத்தகசாலையில் இருந்த பெரிய தேசப்படத்தைப் பார்த்து மலைகளையும் அவற்றின் உயரத்தையும் போட்டிருந்தாள். அதன்படி பார்த்தால் இரண்டு ஓடைகளும் மேட்டை நோக்கி ஓடின.

"மிஸ்டர் றீஸ், உங்கட ஆறு மலை ஏறுது," என்றேன்.

"ஏறாது," என்றார். அவருக்கு மனம் நொந்துவிட்டது. "நான் அதுக்குள்ள நீந்தினவன். ஆலை வீட்டில இருந்து பாலத்துக்கு வந்து, பிறகு இஞ்சால இறங்கும்."

"அப்ப மலை பிழை."

"மலை பிழையெண்டு ஆரும் சொல்லுவினமோ?"

இரண்டு பேரும் கொஞ்ச நேரம் தர்க்கப்பட்டோம். பிறகு நான் ஒன்று கேட்டேன். சின்ன வயதில் வீட்டு வாசலில் நின்று எந்தப் பக்கம் பார்ப்பீர்கள்?

"மலையைத்தான். எல்லாரும் அங்கதான் பாப்பம். தெற்கு மலை சரியான உயரம். மாரியில சூரியன் அதுக்குப் பின்னால போனால் கிழமைக் கணக்கில வீடுகளுக்கு வெயில் வராது. திரும்பி வாற நாளில முதல்ல கோயில் முகட்டிலதான் படும். அதை முதல்ல காணுறவன் வீடு வீடா ஓடிச் சொல்லவேணும். சொல்லுற வீட்டில எல்லாம் அவனுக்குத் தோசை மாதிரி ஒண்டு சுட்டுக் குடுப்பினம். ஒரு வருசம் நான் கண்டு, திண்டு திண்டு வயித்து வலியில படுத்திட்டன்."

எனக்கு விளங்கிவிட்டது. நாங்கள் எல்லாரும் வடக்கை மேலே வைத்துப் படம் கீறுவோம். மிஸ்டர் றீஸின் ஊரில் மேலே என்றால் சூரியன் வரும் மலை, அதாவது தெற்கு. அவர் வாயால் சொன்ன ஊரைப் பிள்ளை அவர் சொன்ன மாதிரியே தெற்கு மேலே இருக்கக் கீறிவிட்டு, அதே கடதாசியில் தேசப்படத்தின் மலைகளை வடக்கு மேலே வைத்துப் போட்டிருக்கிறாள். இருபது வருடம் நில அளவைப் படம் கீறியவன் நான். ஒரு குக்கிராமம் முழுவதும் தலைகீழாகப் பார்த்துக்கொண்டு நிம்மதியாக வாழ்ந்திருக்கும் என்று எனக்கு ஒருநாளும் தோன்றியதில்லை.

அவருடைய பென்சிலை எடுத்து, மலைகளை அழித்து, மறுபக்கம் போட்டேன். ஆறு இறங்கியது. ஆலைக்குத் தண்ணீர் வந்தது. இரண்டு ஓடைகளும் பாலத்தடியில் வந்து ஒழுங்காகச் சேர்ந்தன. கிழவர் விரலை வைத்து ஆற்றோடு கீழே வந்தார். "ஓம்," என்றார். "இதுதான்."

கோயிலுக்குப் பக்கத்தில் ஒரு சின்னச் சதுரம் இருந்தது. எல்லாவற்றுக்கும் பெயர் எழுதியிருந்தாள், அதற்கு மட்டும் இல்லை.

"இதுக்குப் பெயர் போடேல்லையே?"

"அது சவக்காலை. அம்மாவும் அப்பாவும் அதுக்குள்ளதான்."

நான் பென்சிலைக் கீழே வைத்தேன்.

"அணை கட்டேக்க எனக்கு அறிவிச்சவங்கள். எடுத்து மேல, வேற இடத்தில புதைக்கவோ எண்டு கேட்டவங்கள். நான் வேண்டாமெண்டு சொல்லிப்போட்டன். அம்மாவுக்கு வீடு மாறுறது பிடிக்காது. ஒருக்கா அப்பா பாலத்தடி வீட்டுக்குப் போவம் எண்டு சொன்னதுக்கே மூண்டு நாள் கதைக்கேல்லை."

அவர் சிரித்தார். எனக்குச் சிரிக்க முடியவில்லை. வேலிக்கு இந்தப் பக்கம் நின்று, தாயும் தகப்பனும் கிடக்கிற தண்ணீரைப் பற்றி இந்த மனுசனிடம் நான் என்ன கேட்டேன் என்று நினைக்க, முகத்தை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. அன்றைக்கு அப்படிக் கேட்டதற்கு மன்னிக்கவேண்டும், எங்கள் ஊர்ப் பழக்கத்தில் வாயில் வந்துவிட்டது என்று தட்டுத்தடுமாறிச் சொன்னேன்.

"ஏன் மன்னிப்பு?" என்றார். "ஊர் தண்ணிக்குள்ள தாண்டுபோச்சுது எண்டு சொன்னால் எல்லாரும் 'ஐயோ பாவம்' எண்டு சொல்லிப்போட்டு வேற கதைக்குப் போயிடுவினம். அதுக்கு மேல நான் என்னத்தைக் கதைக்கிறது? நீர் ஒருத்தர்தான் தண்ணி எப்பிடி எண்டு கேட்டனீர். அண்டைக்கு உள்ள போய் இருந்து, அந்த ரெண்டு ஓடையின்ர தண்ணியும் என்ன ருசி எண்டு யோசிச்சன். ஒண்டு கொஞ்சம் இரும்பு ருசி. மற்றது குளிர், பல்லுக் கூசும். எத்தினையோ வருசத்துக்குப் பிறகு எனக்கு அது ஞாபகம் வந்தது."

பிறகு தேத்தண்ணீர் வைத்தார். நான் குடித்துவிட்டு, கழுத்துப்பட்டி அந்தச் சூட்டுக்கு நன்றாகப் பொருந்தும் என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன்.

"சொல்லிட்டியளோ?" என்று கேட்டாள் பரமேஸ்.

"இல்லை. ஆத்தைத் திருப்பி விட்டிட்டு வந்தன்."

5

தலைப்பை மட்டும் மாற்றினோம். அதற்கு வதனியோடு ஒரு பின்னேரம் முழுக்க இருந்து பேசவேண்டி வந்தது. கடைசியில் 'எங்கள் அடுத்த வீட்டுக்காரர் வந்த இடம்' என்று அவளே எழுதினாள். திங்கட்கிழமை அதை ரீச்சரிடம் கொண்டுபோய்க் கொடுத்து, ஏன் அந்தத் தலைப்பு என்று அவர் கேட்டதற்கு, மிஸ்டர் றீஸுக்குப் பள்ளிக்கூடம் போகிற பிள்ளை இல்லை, அவருக்காக நான் செய்கிறேன் என்று சொல்லியிருக்கிறாள். ரீச்சர் அதை வாங்கிச் சுவரில் ஒட்டிவிட்டாராம்.

இடையில் ஞாயிற்றுக்கிழமை எனக்குச் சும்மா இருக்க முடியவில்லை. பெரிய கடதாசி ஒன்றை விரித்து எங்கள் ஊரைக் கீறினேன். ஒழுங்கை, குளம், அம்மன் கோயில், கடற்கரை, கிணறுகள். வடக்கை மேலே வைத்து, அளவு தவறாமல், மையில். பொழுது படுவதற்குள் முடிந்தது. நானே சொல்லக்கூடாது, நல்ல படம். வதனியைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

"வெரி நைஸ், அப்பா," என்றாள். உண்மையாகத்தான் சொன்னாள். அதற்குப் பிறகு அவளுக்கு அதில் செய்ய ஒன்றும் இருக்கவில்லை, போய்விட்டாள்.

"கதை சொல்லவேண்டிய பிள்ளைக்குப் படம் கீறிக் காட்டுறியள்," என்றாள் பரமேஸ். "அதுவும் பிழையே இல்லாத படம். பிள்ளை அதில எங்க கை வைக்கிறது?"

எனக்கு அது சுட்டது. படத்தைச் சுருட்டாமல் மேசையிலேயே விட்டுவிட்டேன்.

6

வியாழக்கிழமை பின்னேரம் நான்கு பேரும் எங்கள் காரில் போனோம். மிஸ்டர் றீஸ் முன் ஆசனத்தில், முழங்காலில் தொப்பியை வைத்துக்கொண்டு, கோயிலுக்குப் போகிற மாதிரி நிமிர்ந்து இருந்தார்.

வகுப்புச் சுவர் முழுக்க ஊர்கள். இத்தாலி மலையூர், கிரேக்கத் தீவு, உக்ரேன் கோதுமை வயல், ஜமேக்கா. ஒவ்வொன்றுக்கும் முன்னால் ஒரு தகப்பன் கையைக் கட்டிக்கொண்டு பெருமையோடு நின்றான். எங்களுடையதற்கு முன்னால் மிஸ்டர் றீஸ் நின்றார். வதனி அவர் பக்கத்தில். நான் கொஞ்சம் தள்ளி, இத்தாலியைப் பார்ப்பதுபோல நின்றேன்.

அவர் விரலைப் படத்தில் வைத்து ஒவ்வொரு வீட்டின் பெயரையும் மெதுவாக வாசித்தார், அந்தப் பாஷையில், கூப்பிடுகிற மாதிரி. வீட்டுக்கு வீடு வதனியும் கூடச் சொன்னாள். அந்த ஊதுகிற எழுத்து வரும்போது இரண்டு பேரின் கன்னமும் ஒன்றாக உப்பியது. பக்கத்தில் நின்றவர்கள் பேச்சை நிறுத்திக் கேட்டார்கள். இந்த ஊருக்கு எப்படிப் போவது என்று ஒரு தாய் கேட்டபோது, "போகேலாது, அதாலதான் கீறினது," என்று வதனி ஆங்கிலத்தில் சொன்னாள். என் பிள்ளையைப் பற்றி நான் அவ்வளவு சந்தோஷப்பட்டதும், அவ்வளவு தனியாக நின்றதும் அந்த ஒரு நேரத்தில்தான்.

திரும்பி வரும்போது, தேத்தண்ணீர் குடித்துவிட்டுப் போகலாம் என்று பரமேஸ் அவரை எங்கள் வீட்டுக்குள் கூப்பிட்டாள். மேசையில் என் படம் கிடந்தது. கிழவர் மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்தார்.

"இது உம்மட ஊரோ?"

"ஓம்."

"இந்தச் சின்ன வட்டமெல்லாம்?"

"கிணறு."

அவர் ஒரு கிணற்றில் விரலை வைத்தார். என்னைப் பார்த்தார். முகத்தில் ஒரு சிரிப்பு இருந்தது.

"நல்ல தண்ணியோ?"

"உவர்," என்றேன். "குளிக்கமட்டும்தான்."

"இது?"

"மாரியில நல்லது. பங்குனிக்குப் பிறகு வாயில வைக்கேலாது."

"இது?"

"அது நல்ல தண்ணி. முழு ஊருக்கும் அதுதான். விடிய முன்னம் போகாட்டி வரிசையில நிக்கவேணும். அங்க நிண்டுதான் எங்கட ஊரில எல்லாக் கதையும் கிளம்பும். என்ர கல்யாணப் பேச்சும் அங்கதான் முதல்ல தெரிஞ்சதாம், எனக்குத் தெரிய முன்னம்."

"அப்பா, இதை நீங்கள் சொல்லேல்லையே," என்றாள் வதனி. எப்போது பக்கத்தில் வந்தாள் என்று தெரியவில்லை. கையில் கலர் பென்சில் பெட்டி. "நல்ல தண்ணிக்கு நீலம், உவருக்குப் பிறவுண். மாறுறதுக்கு ரெண்டும். சொல்லுங்கோ."

என் மையில் கீறிய, பிழையே இல்லாத படத்தில் பிள்ளை வர்ணம் அடிக்கத் தொடங்கினாள். கோட்டுக்கு வெளியே போனது. நான் தடுக்கவில்லை. கிழவர் கேட்டார், நான் சொன்னேன், அவள் அடித்தாள். ஓரிடத்தில் எனக்கே சந்தேகம் வந்து, வயிரவர் கோயிலடிக் கிணறு நல்லதோ உவரோ என்று நினைவில்லாமல் முழித்தேன். அதற்கு மட்டும் அவள் வர்ணம் அடிக்கவில்லை. அப்பம்மாவுக்குக் கடிதம் எழுதிக் கேட்கப் போகிறாளாம், தமிழில்.

கிழவரை வாசல்வரை கொண்டுபோய் விட்டுவிட்டு வந்தேன். வதனி படத்தைச் சுருட்டி, றப்பர் வளையம் போட்டு, அலுமாரிக்கு மேலே வைத்துக்கொண்டிருந்தாள்.

"வாற வருசம் இதைச் செய்வம் அப்பா," என்றாள். "அவசரம் இல்லைத்தானே. உங்கட ஊர் எங்கயும் போகாது."

"ஓம், பிள்ளை. அது எங்க போகப்போகுது," என்றேன்.

அது உண்மைதானே. கிணறுகள் அங்கேதான் இருக்கின்றன. நீங்கள் எல்லாரும் அங்கேதானே இருக்கிறீர்கள். உங்களில் யாராவது அந்தப் பக்கம் போனால், வயிரவர் கோயிலடிக் கிணற்றில் ஒரு வாய் குடித்துப் பார்த்து எங்களுக்கு எழுதுங்கள்.